எமலோகத்து இடாப்பு: சீனப் புனைகதையிற் பணியாட்சியும் மாயமும்

1

இலக்கியத்திற் காணப்படும் மாயவித்தைகள், அற்புதங்கள் ஆகியன குறித்து முற்போக்குத் திறனாய்வாளர் மத்தியில் இருவகை மனோபாவங்கள் நிலவி வந்துள்ளன. யதார்த்தமே இலக்கியத்தின் உயர்நெறியென வற்புறுத்துவோர் அவற்றைப் பொழுதுபோக்கென்றும் வாழ்க்கையினின்று தப்பியோடும் மனப்பான்மையென்றும் ஒதுக்கிவிடுவர். மற்றொரு சாரார் அவற்றைச் சமூகத்தின் நேரடிப் பிரதிபலிப்பாகக் கொண்டு, இன்ன தெய்வம் இன்ன வர்க்கம் என அட்டவணையிட்டு அமைந்துவிடுவர். இவ்விரு நோக்கும் போதியனவல்ல என்பதைச் சீன இலக்கியத்தினின்று எடுத்த ஓர் உதாரணத்தின் மூலம் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மாயத்தின் ஆற்றல் எங்கிருந்து பிறக்கின்றது என்ற வினாவிலிருந்து நாம் தொடங்குதல் பொருத்தமாகும். நமது இதிகாச புராணங்களில் அவ்வாற்றல் பெரும்பாலும் தவத்திலிருந்தோ, மந்திரச் சொல்லிலிருந்தோ, தெய்வம் அளித்த வரத்திலிருந்தோ பிறக்கின்றது. முனிவரின் சாபம் பலிப்பதற்கு எழுத்தும் முத்திரையும் வேண்டியதில்லை. சினந்து உரைத்த சொல்லே போதும். சீன மரபிற் பெருவழக்காகவுள்ள மாயமோ அலுவலகத்திலிருந்து பிறப்பதாகும். மழை பெய்வதற்கு ஆணைப்பத்திரம் வேண்டும். உயிர் பிரிவதற்குப் பிடியாணை வேண்டும். பேயை விரட்டும் எந்திரத் தகடுகூட மேலதிகாரி கீழதிகாரிக்கு விடுக்கும் உத்தரவின் வடிவிலேயே எழுதப்படும். இதனை ‘பத்திர மாயம்’ என நாம் குறிப்பிடலாம்.

இம்மாயம் முழு வளர்ச்சி பெற்ற நூல், 1592இல் நான்கிங் நகரில் அச்சேறிய, 100 அத்தியாயங்கள் கொண்ட ‘மேற்கு நோக்கிய பயணம்’ என்னும் பெருங்கதையாகும். வூ செங்-என் என்பவரே இதன் ஆசிரியர் என இந்நூற்றாண்டுக்கு முன்பிருந்தே பெரும்பாலோர் கொண்டு வந்துள்ளனர். அம்முடிபு ஐயத்துக்கு அப்பாற்பட்டதன்று. ஆதர் வேலி 1942இல் வெளியிட்ட சுருக்கமும், அந்தொனி யூ 1977 முதல் 1983 வரை நான்கு தொகுதிகளாக வெளியிட்ட முழு மொழிபெயர்ப்பும் இதனை ஆங்கிலம் அறிந்தோர்க்கு எட்டச் செய்தன. இதனோடு பூ சொங்-லிங் (1640-1715) எழுதிய சிறுகதைகளையும் சேர்த்து நோக்குவோம். இவ்விரண்டையும் ஒருங்கு வைத்துப் பார்க்கும்போதே பத்திர மாயத்தின் வர்க்க இயல்பு தெளிவாகும்.

2

கதைக்குட் செல்லுமுன் அதன் வரலாற்று அடித்தளத்தைச் சுருக்கமாக நோக்குதல் அவசியமாகும். கி.மு. 221இல் சின் அரசு சீனத்தை ஒருகுடைக்கீழ்க் கொணர்ந்த காலந்தொட்டு, நிலத்தின் உபரியைத் திரட்டும் பணி பரம்பரைப் பிரபுக்களின் கையினின்று நீங்கி, சம்பளம் பெறும் உத்தியோகத்தரின் கைக்குப் படிப்படியாக மாறிற்று. குடிகளின் பெயர், வயது, நிலம் ஆகியன ஏட்டிற் பதியப்பட்டன. வரியும் ஊழியமும் அவ்வேட்டின்படியே கொள்ளப்பட்டன. உழவனைப் பொறுத்தவரை, அரசு என்பது தன் பெயரை எழுதிவைத்திருக்கும் ஏடாகவே அவன் வாழ்விற் குறுக்கிட்டது.

மறுமை பற்றிய கற்பனையும் இதே வடிவத்தைப் பெற்றமையில் வியப்பில்லை. மாவாங்துயி என்னுமிடத்தில் 1973-74இல் அகழப்பட்ட மூன்றாம் இலக்கக் கல்லறை கி.மு. 168ஆம் ஆண்டுக்குரியது. அங்கு கிடைத்த மரப்பலகையொன்றில், இறந்தவரின் வீட்டு மேலாளர் பாதாள உலக உத்தியோகத்தர் ஒருவருக்கு முறைப்படி எழுதுகின்றார்: உடன் அடக்கம் செய்யப்பட்ட பொருள்களின் பட்டியல் இத்துடன் அனுப்பப்படுகின்றது, கிடைத்ததும் சரிபார்த்து மேலிடத்துக்கு அறிவிக்கவும் என்பது அதன் சாரம். பக்தியோ புலம்பலோ அங்கில்லை. ஓர் அலுவலகம் மற்றோர் அலுவலகத்துக்குச் சரக்கு அனுப்பும் தொனியே உண்டு. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் எழுந்த தாவோ மதக்குழுவினர் நோயுற்றோரின் பாவ அறிக்கையை மூன்று படிகளில் எழுதி, வான அதிகாரிக்கென ஒன்றை மலையில் வைத்தனர். நில அதிகாரிக்கென ஒன்றைப் புதைத்தனர். நீர் அதிகாரிக்கென ஒன்றை நீரில் அமிழ்த்தினர். பிற்காலத் தாவோ மாந்திரிகர் தம் எந்திரங்களின் ஈற்றில் எழுதும், சட்டப்படி விரைந்து செய்க என்னும் வாய்பாடு ஹான் காலத்து அரச கடிதங்களின் முடிவுரையிலிருந்து பெறப்பட்டதாகும். மந்திரத்தின் மூலம் கந்தோராயிருத்தல் ஈண்டுக் கவனிக்கத்தக்கது.

நமக்கு நன்கு அறிமுகமான ஒருவரும் இவ்வலுவலகத்துட் புகுந்தார். பௌத்தத்துடன் இந்தியாவினின்று சென்ற யமன், சீனத்திற் பத்து அரசர்களில் ஐந்தாமவராக ஆக்கப்பட்டார். தனியொரு தெய்வமாயிருந்தவர் பத்து நீதிமன்றங்களில் ஒன்றின் தலைவரானார். முதலாம் மன்றத்திலிருந்தவர், இரக்கங் காட்டியமையால் ஐந்தாம் மன்றத்துக்குத் தாழ்த்தப்பட்டார் என்றும் மக்கள் கதை கட்டினர். இரக்கமுள்ள அதிகாரிக்கு இடமாற்றம் கிட்டும் என்ற அனுபவ அறிவு இக்கதையிற் பொதிந்துள்ளது.

‘மேற்கு நோக்கிய பயணம்’ எழுந்த மிங் காலத்தில் இவ்வமைப்பு உச்சநிலையையும் சீரழிவையும் ஒருங்கே அடைந்திருந்தது. 1381இல் நாடெங்கும் ‘மஞ்சள் இடாப்பு’ ஏற்படுத்தப்பட்டது. 110 குடும்பங்கள் ஓர் அலகாயின. பத்தாண்டுக்கொருமுறை இடாப்பு புதுப்பிக்கப்பட்டு, நான்கு படிகள் எழுதப்பட்டன. தலைப்படி நான்கிங் ஏரித்தீவுகளிலே பாதுகாக்கப்பட்டது. ஆனாற் பதினாறாம் நூற்றாண்டளவில் இடாப்பு எழுதுதல் பெரிதும் பழையதைப் பார்த்துப் படியெடுக்கும் சடங்காகிவிட்டது. செல்வர் தம் நிலத்தை மறைத்தனர்; சுமை வறியோர்மேற் சாய்ந்தது. எழுத்துக்கும் உண்மைக்கும் உள்ள தொடர்பு அறுந்தது. எனினும் எழுத்தின் அதிகாரம் மாத்திரம் அறவில்லை. இம்முரண்பாடே நாம் ஆராயப்போகும் கதைகளின் கருப்பையாகும்.

3

கல்லிற் பிறந்த குரங்காகிய சுன் வூ-கொங் மூன்றாம் அத்தியாயத்தில் மது அருந்தி உறங்குகையில், அதன் பெயர் பொறித்த பத்திரத்துடன் இருவர் வந்து உயிரைக் கட்டி இழுத்துச் செல்கின்றனர். குரங்கு சினந்து தடியைச் சுழற்றியதும் பத்து அரசர்களும் நடுங்குகின்றனர். உலகில் ஒரே பெயருடையோர் பலருளர், ஏவலர் ஆள்மாறிப் பிடித்திருக்கலாம் என்று அவர்கள் கூறும் சமாதானம், எந்த அலுவலகத்து வாசலிலும் கேட்கக்கூடியதே. இடாப்புகள் கொணரப்படுகின்றன. குரங்கினத்துக்கெனத் தனி ஏடு உண்டு. அதிலே 1350ஆம் இலக்கத்தின் கீழ் அதன் பெயரும், ஆயுள் 342 ஆண்டு என்பதும் காணப்படுகின்றன. குரங்கு தூரிகையை மையில் தோய்த்துத் தன் பெயரை வெட்டுகின்றது. அத்துடன் அமையாது, ஏட்டிற் கண்ட ஏனைக் குரங்குகளின் பெயர்களையும் வெட்டிவிட்டு ஏட்டை எறிகின்றது. அன்றுமுதல் அம்மலைக் குரங்குகளுட் பல மூப்படையவில்லை.

இக்காட்சியின் விதிமுறையைக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். குரங்கு மரணத்தை வெல்லவில்லை. மரணத்தின் ஆவணத்தைத் திருத்துகின்றது. அதனிடம் இருந்த உருமாறும் வித்தையும் வலிமையும் அதனை அலுவலக மேசைவரை கொண்டுசெல்லவே பயன்பட்டன. விடுதலையைத் தந்தது கோடு. நம் மார்க்கண்டேயர் கதையோடு இதனை ஒப்பிட்டாற் பேதம் புலனாகும். பதினாறாண்டு என விதிக்கப்பட்ட அச்சிறுவன், யமனுக்கு மேலான தலைவனைத் தழுவிக்கொண்டு தப்புகின்றான். அங்கு உறவு ஆண்டானுக்கும் அடியானுக்கும் இடைப்பட்டது. ஆளுக்கு ஆள் நேராகக் கட்டுண்டது. இங்கோ தழுவிக்கொள்ள ஆளில்லை, ஏடுதான் உண்டு. நிலமானியப் பிணைப்பு ஓங்கிய சமூகத்தின் கற்பனைக்கும், பணியாட்சி ஓங்கிய சமூகத்தின் கற்பனைக்கும் உள்ள வேறுபாடு இதுவெனக் கொள்ளுதல் தவறாகாது.

இடாப்பினின்று பெயரை நீக்கிக்கொள்வது மிங் காலத்து உழவனின் கனவாகும். பெயர் இல்லையேல் வரியில்லை, ஊழியமில்லை. குரங்கு தன்னை மாத்திரமன்றித் தன் இனத்தையே நீக்கியமையில் அக்கனவின் கூட்டுத்தன்மை வெளிப்படுகின்றது. 1954இற் சாங் தியென்-யி எழுதிய குறிப்புகள், வானுலகக் கலகத்திற் குடியானவர் போராட்டத்தின் சாயலைக் கண்டன. 1961, 1964 ஆகிய ஆண்டுகளில் இரு பகுதிகளாக ஷங்ஹாயில் உருவான ‘வானுலகிற் கலகம்’ என்னும் கேலிச்சித்திரத் திரைப்படம், குரங்கின் வெற்றியோடு கதையை முடித்தது. அவ்வாசிப்பில் உண்மையுண்டு. ஆயினும் மூலநூல் அவ்வாறு முடியவில்லை என்பதை நாம் மறைத்தலாகாது.

எமலோகத்தின் முறைப்பாடு மேலே போனதும் பச்சைக்கற் பேரரசர் குரங்குக்கு உத்தியோகம் அளிக்கின்றார். வானுலகக் குதிரை லாயத்தின் பொறுப்பு அது. குரங்கு மகிழ்ந்து உழைக்கின்றது. பின்னர் தன் பதவியின் தரம் யாதெனச் சக உத்தியோகத்தரைக் கேட்கிறது. தரவரிசையிற் சேராத பதவி என்று அறிந்ததும் வெகுண்டு வெளியேறுகின்றது. இரண்டாம் முறை ‘வானுக்கு நிகரான பெருமுனி’ என்ற பட்டம் வழங்கப்படுகின்றது. அதற்குச் சம்பளமில்லை, இரண்டு பிரிவுகள் கொண்ட மாளிகை மாத்திரம் உண்டு. இடாப்பை வெட்டிய கை, இடாப்பில் உயர்ந்த இடத்தைக் கோருகின்றது. கலகக்காரரைப் பட்டமளித்து உள்வாங்கும் சீன அரச தந்திரத்தை ஆசிரியர் நன்கறிந்திருந்தார். கலகத்தின் மனத்திலேயே பணியாட்சியின் மதிப்பீடுகள் குடிகொண்டிருந்தமையையும் அவர் மறைக்கவில்லை. இதில் அவரது யதார்த்தத்தை நாம் காண்கின்றோம்.

4

குரங்கின் கதைக்கு இணையாக, அதே நூலில் அதே ஏடு மற்றொருமுறை திருத்தப்படுகின்றது. முற்போக்கு விமர்சகர் பலர் இப்பகுதிக்கு உரிய கவனம் செலுத்தியிலர்.

சிங் ஆற்று நாகராசன், சோதிடன் ஒருவனோடு செய்த பந்தயத்தில் வெல்லும் பொருட்டு மழையாணையை மீறுகின்றான். மூன்று அடி, மூன்று அங்குலம், 48 துளி எனப் பத்திரம் விதித்திருக்க, அவன் நேரத்தைத் தாழ்த்தி அளவையுங் குறைக்கின்றான். இக்குற்றத்துக்காக அவன் தலை வெட்டப்படுகின்றது. அவனைக் காப்பதாக வாக்களித்துத் தவறிய தாங் பேரரசர் தாய்-சொங்குக்கு எதிராக அவனது ஆவி எமலோகத்தில் வழக்குத் தொடர்கின்றது. பேரரசர் இறக்கின்றார். இறக்குமுன் அவர் அமைச்சர் வெய் செங் ஒரு கடிதம் கொடுத்தனுப்புகின்றார். எமலோகத்து நடுவராகிய சுய், முன்பு இவ்வரசவையிற் பணிபுரிந்தவர், அமைச்சரின் நண்பர். கடிதத்தைப் படித்த நடுவர் இடாப்பைத் திறக்கின்றார். பேரரசர் ஆட்சியாண்டு 13இல் இறத்தல் வேண்டுமென எழுதப்பட்டுள்ளது. ஒன்று என்னும் எழுத்து சீனத்தில் ஒரு கிடைக்கோடு. மூன்று என்பது மூன்று கிடைக்கோடுகள். நடுவர் இரண்டு கோடுகளைச் சேர்க்கின்றார். 13 என்பது 33 ஆகின்றது. அரசர்கள் ஏட்டைப் பார்க்கின்றனர். இருபது ஆண்டு மீதியுண்டு எனக் கூறிப் பேரரசரை மரியாதையுடன் திருப்பி அனுப்புகின்றனர்.

இரு திருத்தங்களையும் எதிரெதிரே வைத்து நோக்குவோம். குரங்கு வெளிப்படையாக வெட்டியது. அது கலகமெனப் பதிவாகி, வானப்படை திரண்டது. நடுவர் மறைவாகச் சேர்த்தார். அது ஒருபோதும் கண்டுபிடிக்கப்படவில்லை, நூல் முழுவதிலும் எவரும் அதனைக் குற்றமெனக் கூறவுமில்லை. முன்னதற்கு வேண்டியது தடி. பின்னதற்கு வேண்டியது சிபாரிசுக் கடிதம். பத்திர மாயத்தின் விதி யாவர்க்கும் ஒன்றுபோலத் தோன்றும்: ஏட்டில் உள்ளதே நடக்கும். ஆயின் ஏட்டிலே கைவைக்க உரியவர் யார் என்பதை அவ்விதி கூறுவதில்லை. அதனை வர்க்கம் கூறுகின்றது.

பேரரசர் திரும்பும் வழியில் நிகழ்வதும் பொருள் பொதிந்தது. அவரது ஆட்சி நிறுவப்பட்ட காலத்திற் கொல்லப்பட்ட கலகக்காரரின் ஆவிகள், ஏற்பாரும் கவனிப்பாருமின்றி, உயிரைத் தா என வழிமறிக்கின்றன. அவற்றுக்குக் கொடுக்கப் பேரரசரிடம் காசில்லை. கைபெங் நகரில் தண்ணீர் விற்றுப் பிழைக்கும் சியாங் லியாங் என்ற ஏழை, காகித நாணயங்களை எரித்து எமலோகத்திற் பதின்மூன்று களஞ்சியப் பொன் சேமித்து வைத்திருக்கின்றான். அதில் ஒன்றைக் கடனாகப் பெற்றே பேரரசர் தப்புகின்றார். தண்ணீர் விற்பவனின் சேமிப்பால் மன்னர் மன்னன் மீண்டான் என்பதை ஆசிரியர் நகைச்சுவையாகவே சொல்லிச் செல்கின்றார். உழைப்போரின் உபரி அரசைத் தாங்குகின்றது என்ற உண்மை, நகையின் வடிவிலேனும் கதைக்குட் புகுந்துவிட்டது.

5

வலிமையும் செல்வாக்கும் இல்லாதவர் யாது செய்வர்? அவர்க்கு எஞ்சியிருப்பது மனு. இதனைப் பாடியவர் பூ சொங்-லிங். பத்தொன்பதாம் வயதில் ஆரம்பப் பரீட்சையில் முதன்மை பெற்ற அவர், மாகாணப் பரீட்சையில் மீண்டும் மீண்டும் தவறினார். செல்வர் வீட்டு ஆசிரியராகவே பல்லாண்டு கழித்தார். ஏறத்தாழ 500 கதைகளைக் கொண்ட அவரது தொகுதி, அவர் இறந்து அரைநூற்றாண்டின் பின், 1766இலேயே அச்சேறிற்று. தொகுதியின் முதற்கதையே எமலோகத்துப் பதவிக்கான பரீட்சை பற்றியது. நகர்த் தெய்வமாக நியமனம் பெற்ற கல்விமான், வயோதிபத் தாயைப் பேணவேண்டுமென்கின்றான். இடாப்பைப் புரட்டித் தாய்க்கு ஒன்பதாண்டு ஆயுள் மீதியுண்டு எனக் கண்டு, அக்காலத்துக்கு விடுமுறை அளிக்கின்றனர். நேர்மையாக நடத்தப்படும் பரீட்சையை மறுமையிலன்றி அவராற் கற்பனை செய்ய முடியவில்லை.

சி பாங்-பிங் என்னும் இளைஞனின் கதையில் அம்மறுமையும் கெட்டுவிடுகின்றது. பகைகொண்ட செல்வனொருவன் எமலோகத்து ஏவலருக்குக் கையூட்டளித்து இளைஞனின் தந்தையை வதைக்கின்றான். இளைஞன் உயிர்நீத்துச் சென்று நகர்த் தெய்வத்திடம் மனுக் கொடுக்கின்றான். ஆதாரமில்லை எனத் தள்ளப்படுகின்றது. மேலதிகாரியிடம் கொடுக்கின்றான், அவர் அதனை மறுவிசாரணைக்காக நகர்த் தெய்வத்திடமே திருப்பி அனுப்புகின்றார். எம அரசனிடம் செல்கின்றான். அடிபடுகின்றான், இருப்புக் கட்டிலிற் சுடப்படுகின்றான், வாளால் இரண்டாக அறுக்கப்படுகின்றான். அறுக்கும் பேய் மட்டும் இரங்கி, அவன் இதயம் சேதமுறாதபடி வாளை விலக்குகின்றது. அதிகாரத்தின் அடிப்படியில் நிற்பவனிடமே மனிதத்தன்மை எஞ்சியிருந்தமை நோக்கற்பாலது. இறுதியில் எம அரசன், பெருஞ்செல்வமும் நூறாண்டு ஆயுளும் தருவதாக ஏட்டில் எழுதி, பெரிய முத்திரையிட்டு, அவன் கண்முன்னே காட்டுகின்றான். குரங்கும் பேரரசரும் நாடிய அதே எழுத்து இங்கு வாய்ப்பூட்டாக நீட்டப்படுகின்றது. இளைஞன் மசியவில்லை. சூழ்ச்சியாற் குழந்தையாகப் பிறப்பிக்கப்பட்டும் பாலுண்ண மறுத்து மூன்றாம் நாள் இறந்து, மீண்டும் முறையிடச் செல்கின்றான். ‘மேற்கு நோக்கிய பயண’த்தின் இரு திருத்தங்களைக் காட்டிலும் இம்மறுப்பு உயர்ந்ததென நாம் கருதுகின்றோம்.

எனினும் நீதி எவ்வாறு கிடைக்கின்றது? வழியிலே பச்சைக்கற் பேரரசரின் மகனுடைய பவனி தற்செயலாக எதிர்ப்படுகின்றது. அவர் ஏர்-லாங் தெய்வத்திடம் வழக்கை ஒப்படைக்க, தீர்ப்பு எழுதப்படுகின்றது. கெட்ட அதிகாரிகள் தண்டிக்கப்படுகின்றனர். தந்தைக்கு மேலும் 36 ஆண்டு ஆயுள் பதியப்படுகின்றது. அதிகாரிகள் கெட்டவர், ஆட்சி நல்லது என்ற மயக்கத்தை ஆசிரியராற் கடக்க முடியவில்லை. பரீட்சை மண்டபத்தின் வாசலில் ஆயுள் முழுவதும் காத்துநின்ற வகுப்பினரின் கருத்துநிலை இது. அம்மண்டபத்தை அவர் வெறுத்தார். அதன் கதவு திறக்குமென்ற நம்பிக்கையை விட்டாரல்லர்.

6

இவற்றினின்று நாம் பெறும் முடிபுகள் யாவை? ஆதர் வூல்ப் என்ற மானிடவியலாளர் 1974இல் வெளியிட்ட கட்டுரையில், சீனரின் தெய்வங்கள் உத்தியோகத்தரின் பிம்பங்கள் என நிறுவினார். மனிதரின் வாழ்வை ஆளும் புறச்சக்திகள் அவர் மனத்தில் வினோத வடிவிற் பிரதிபலிக்கின்றன என்பது எங்கெல்சின் கருத்து. இவை அடிப்படையிற் சரியானவை. ஆயின் பிம்பம் என்பதோடு நின்றால் இலக்கியத்தை விளக்கியவராகோம். பணியாட்சி பற்றி மார்க்ஸ் 1843இல் எழுதியபோது, அரசையே தன் தனியுடைமையாகக் கொள்வதும், இரகசியத்தைத் தன் உயிராகப் பேணுவதும் அதன் இயல்பென்றார். அவ்விரகசியத்தை நம் கதைகள் உடைக்கின்றன. வாழ்க்கையில் உழவன் ஒருபோதும் காணமுடியாத ஏட்டைக் கதை திறந்து காட்டுகின்றது. இன்ன இலக்கம், இன்ன கோடு, இன்னார் கை எனச் சுட்டுகின்றது. மனிதன் எழுதிய எழுத்து மனிதனை ஆளும் அந்நியமாதலை மாயமெனக் கூறியதன் வாயிலாகவே, அது இயற்கையானதன்று, திருத்தக்கூடியது என்பதையும் கூறிவிடுகின்றது. விதியைத் தலையெழுத்து என்று நம்புவோர்க்கும் அதனை ஓர் இலிகிதரின் எழுத்து என்று காண்போர்க்கும் இடையே பெருந்தூரம் உண்டு.

அதேவேளை, இக்கதைகளின் எல்லையையும் கூறுதல் நம் கடன். ஏட்டை வெட்டுவோரும் திருத்துவோரும் முறையிடுவோரும் வருகின்றனர். ஏடே வேண்டாமெனக் கூறுவார் எவருமிலர். வரலாற்று யுவான் சுவாங், நாட்டைவிட்டு வெளியேறுவதற்கான தடையை மீறி, அனுமதியின்றியே புறப்பட்டவர். காஞ்சிவரை வந்து, 645இல் தாயகம் மீண்டவர். நாவலோ அவர் கையிற் பேரரசரின் கடவுச்சீட்டைக் கொடுத்து, ஒவ்வொரு நாட்டு முத்திரையையும் அதிற் பதிப்பிக்கின்றது. 98ஆம் அத்தியாயத்திற் புத்தரின் சீடராகிய ஆனந்தரும் காசியபரும் கையுறை கிடைக்காமையால் எழுத்தற்ற வெற்றுச் சுவடிகளைக் கொடுத்தனுப்புகின்றனர். பிக்குவின் பொற்பாத்திரத்தை வாங்கிக்கொண்ட பின்னரே எழுதிய சுவடிகள் கிடைக்கின்றன. புத்தரும் புன்முறுவலுடன் இதனை நியாயப்படுத்துகின்றார். 99ஆம் அத்தியாயத்தில், பட்ட இன்னல்களின் பட்டியலைக் குவான்-யின் சரிபார்க்கின்றார். 81க்கு ஒன்று குறைகின்றது. கணக்கு நேராகும் பொருட்டு இன்னுமோர் இன்னல் விதிக்கப்படுகின்றது. முத்தி வாசலிலும் படிவம் பூர்த்தியாதல் வேண்டும். ஆசிரியர் இதனை நகைத்தார்; நகைத்தவாறே ஏற்றுக்கொண்டார். மாற்று உற்பத்தி உறவுகளின் அறிகுறிகள் போதிய அளவு தோன்றாத சமூகத்தில், நகைப்பே விமர்சனம் எட்டக்கூடிய எல்லையாயிருந்தது.

1644இல் லீ சூ-செங்கின் குடியானவர் படைமுன் மிங் தலைநகர் வீழ்ந்தது. எனினும் பணியாட்சி வேறொரு வம்சத்தின் கீழ் நீடித்தது. 1905இற் பழைய பரீட்சை முறையும், 1912இல் முடியாட்சியும் ஒழிந்தன. கதைகள் ஒழியவில்லை. ஓர் இலக்கம், ஒரு முத்திரை, ஓர் எழுத்துப்பிழை ஆகியவற்றின் முன் மனிதன் கைகட்டி நிற்கும் நிலை உலகில் இன்னும் நீங்காமையே அதற்குக் காரணமாகும். எனவே மாயக்கதைகளைப் பயில்வோர், அற்புதம் நம்பத்தக்கதா என்று வினவுவதை விட்டு, அற்புதத்தை நிகழ்த்தும் எழுதுகோல் யார் கையிலிருந்தது, அதைப் பறிக்க முயன்றோர் யார், பறித்த பின் என்ன எழுதினர் என வினவுதல் வேண்டும். அவ்வினாக்களுக்கு விடை தேடும் திறனாய்வே இவ்விலக்கியங்களை அவற்றைப் படைத்த மக்களுக்கு உரியனவாக்கும்.